காகிதம், காசு, கார்டு: ஆவணப்பட ஒளிப்பதிவுக்கு வருபவர்களுக்கு

ஃப்ரேம் வைப்பது, லைட் போடுவது, கலர் பார்ப்பது எல்லாம் சொல்லித்தர யூடியூபில் ஆயிரம் பேர் இருக்கிறார்கள். வனத்துறைக்கு மனுவை யார் பெயரில் எழுதுவது, சம்பளம் வராவிட்டால் எங்கே போய்க் கேட்பது, விமான நிலையத்தில் பேட்டரியை எடுத்து வைத்துக்கொண்டால் என்ன சொல்வது என்று சொல்லத்தான் ஆள் இல்லை. நான் இதையெல்லாம் ஆபீஸ் ஆபீஸாக அலைந்து தெரிந்துகொண்டேன். கேட்ட இடத்திலெல்லாம் "நேர்ல போய்ப் பாருங்க சார்" என்பதுதான் பதில்.

இது சென்னையிலோ தமிழ்நாட்டில் வேறு ஊரிலோ இருந்துகொண்டு, சம்பள வேலை இல்லாமல் தனியாளாக ஆவணப்பட ஒளிப்பதிவு செய்ய நினைப்பவர்களுக்கு. சினிமாவுக்குப் போகிறவர்களுக்குப் பாதை வேறு. இந்தத் துறையில் நன்றாகப் படம் பிடிக்கிறவர்களுக்குப் பஞ்சமே இல்லை. அனுமதிக் கடிதத்தைக் கையில் வைத்திருப்பவரை, ஃபுட்டேஜைத் தொலைக்காதவரை, கணக்கை ஒழுங்காகக் கொடுப்பவரைத்தான் இரண்டாவது தடவை கூப்பிடுகிறார்கள்.

1. படிப்பா, அசிஸ்டென்டா?

+2 முடித்திருந்தால் தரமணியில் உள்ள எம்.ஜி.ஆர். அரசு திரைப்படப் பயிற்சி நிறுவனத்தில் ஒளிப்பதிவுக்கு நான்கு வருடப் பட்டப்படிப்பு இருக்கிறது. அரசுக் கல்லூரி என்பதால் தனியார் கல்லூரிகளோடு ஒப்பிட்டால் கட்டணம் மிகக் குறைவு. ஒளிப்பதிவுக்கு +2-வில் இயற்பியல், வேதியியல் கேட்பார்கள். விண்ணப்பிக்கும் முன் அந்த வருட அறிவிப்பைப் பார்த்துவிடுங்கள். ஏதாவது ஒரு டிகிரி கையில் இருந்தால் புனேயில் எஃப்.டி.ஐ.ஐ., கொல்கத்தாவில் சத்யஜித் ராய் நிறுவனம் இரண்டிலும் மூன்று வருடப் படிப்பு உண்டு, நுழைவுத் தேர்வோடு. ஆவணப்படம் மட்டும்தான் வேண்டும் என்றால் டெல்லி ஜாமியா மில்லியாவின் மாஸ் கம்யூனிகேஷன் படிப்பையும் பாருங்கள்.

படிக்க வசதியில்லை என்றால் கேமரா அசிஸ்டென்டாகச் சேருங்கள். ஆனால் சினிமா யூனிட்டில் சேர்ந்தால் ஃபோகஸ், லென்ஸ் மாற்றுவது, ஒழுங்கு எல்லாம் கற்கலாமே தவிர, ஒரே ஆளாக ஒரு வீட்டுக்குள் நுழைந்து அங்கிருப்பவர்களைக் கூச்சம் இல்லாமல் பேச வைத்துப் படம் பிடிப்பதைக் கற்க முடியாது. அதற்கு ஆவணப்பட இயக்குநர் ஒருவரோடு ஓரிரு படமாவது சுற்ற வேண்டும். முதலில் கிடைப்பது சாப்பாடும் பேட்டாவும்தான். அதையும் முன்கூட்டியே பேசிக்கொள்ளுங்கள். "பார்த்துக்கலாம் தம்பி" என்றால் பார்த்துக்கொள்ள மாட்டார்கள் என்று அர்த்தம்.

யூனியன் கார்டு பற்றி எல்லோரும் கேட்கிறார்கள். தென்னிந்திய ஒளிப்பதிவாளர் சங்கமான சிகா, ஃபெஃப்சியின் கீழ் வருகிறது. திரைப்பட வேலைக்கு அது முக்கியம். இரண்டு மூன்று பேர் போய் எடுக்கும் ஆவணப்படத்துக்கு யாரும் கார்டு கேட்பதில்லை. தொடக்கத்திலேயே அதற்குப் பணம் புரட்ட வேண்டாம்.

2. வேலை வருவதற்கு முன்பே முடிக்க வேண்டிய பதிவுகள்

பான் கார்டும், தொழில் வரவுக்கு மட்டும் தனியாக ஒரு வங்கிக் கணக்கும் முதலில். சேமிப்புக் கணக்கே போதும். வீட்டுச் செலவோடு கலக்காமல் இருந்தால் சரி.

அடுத்தது உத்யம் பதிவு, அதாவது மத்திய அரசின் சிறு தொழில் பதிவு. இதைத்தான் எல்லோரும் அலட்சியப்படுத்துகிறார்கள். ஆதாரும் பானும் இருந்தால் அரை மணி நேரத்தில் ஆன்லைனில் முடிந்துவிடும். கட்டணம் ஒரு பைசா கிடையாது. தேடும்போது முதலில் வந்து நிற்கும் தனியார் தளங்கள் அரசுத் தளம் மாதிரியே இருக்கும், ஆயிரம் இரண்டாயிரம் கேட்கும். முகவரி அரசு டொமைனில் முடிகிறதா என்று பார்த்துவிட்டு உள்ளே போங்கள். இந்தச் சான்றிதழ் எதற்கு என்று பத்தாவது பகுதியில் சொல்கிறேன். ஆனால் வேலை செய்வதற்கு முன்பே பதிந்திருக்க வேண்டும். பணம் வராமல் போன பிறகு ஓடிப்போய்ப் பதிந்தால் பழைய பாக்கிக்குப் பயன்படாது.

ஜி.எஸ்.டி.: சேவைத் தொழிலில் ஆண்டு வரவு 20 லட்சத்தைத் தாண்டினால்தான் கட்டாயம். சில கம்பெனிகள் "ஜி.எஸ்.டி. இல்லாட்டி வெண்டராகச் சேர்க்க முடியாது" என்பார்கள். சட்டப்படி தேவையில்லை என்று எழுத்தில் ஒரு அறிக்கை கொடுத்தால் பெரும்பாலும் ஒத்துக்கொள்வார்கள். ஒருமுறை எண் வாங்கிவிட்டால் வேலை இல்லாத மாதத்திலும் ரிட்டர்ன் போட்டுக்கொண்டே இருக்க வேண்டும், தாமதமானால் அபராதம். அவசரப்படாதீர்கள்.

பாஸ்போர்ட்டை இப்போதே எடுத்துவிடுங்கள். 36 பக்கத்துக்கு 1,500 ரூபாய், தட்கல் என்றால் கூடுதலாக 2,000. வாடகை வீடு மாறிக்கொண்டே இருப்பவர்களுக்கு போலீஸ் வெரிஃபிகேஷன்தான் இழுக்கும்.

3. கேமராவை இப்போதைக்கு வாங்காதீர்கள்

கடன் வாங்கி கேமரா வாங்கிவிட்டு, தவணை கட்டுவதற்காகக் கிடைத்த கல்யாணத்தையெல்லாம் எடுத்து, கடைசியில் ஆவணப்படத்தையே விட்டுப் போனவர்கள் எனக்குத் தெரிந்தே சிலர் உண்டு. சோனி எஃப்எக்ஸ்3 பாடி மட்டும் மூன்று லட்சத்தைத் தாண்டும். அதற்கு மேல் லென்ஸ், கார்டு, பேட்டரி, மைக், ட்ரைபாட். வடபழனி, சாலிகிராமம் பக்கம் வாடகைக்கு எல்லாம் கிடைக்கும். ஒரு நாள் வாடகை பொருளின் விலையில் நூறில் ஒரு பங்கு அளவில் இருக்கும் என்று தோராயமாக வைத்துக்கொள்ளலாம். வருடத்தில் எத்தனை நாள் கேமரா ஓடும் என்று கணக்குப் போட்டால், வாங்குவதா வேண்டாமா என்பது உங்களுக்கே தெரிந்துவிடும்.

வாடகைக்கு எடுக்கும்போது கவனிக்க வேண்டியவை: ஆதார் நகல், தெரிந்தவர் சிபாரிசு, சில இடங்களில் கையெழுத்துப் போட்ட செக் கேட்பார்கள். செக் கொடுத்தால் என்ன காரணத்துக்கு என்று பின்னால் எழுதி, ஒரு போட்டோ எடுத்துக்கொண்டு கொடுங்கள். பெரிய கேமராவோடு அட்டெண்டர் ஒருவரும் வருவார். அவருடைய பேட்டாவும் சாப்பாடும் தங்குமிடமும் உங்கள் பட்ஜெட்டில்தான். கடையை விட்டுக் கிளம்பும் முன் லென்ஸின் முன் கண்ணாடி, சென்சார், மவுண்ட், கேபிள் முனைகள் எல்லாவற்றையும் மொபைலில் வீடியோ எடுத்துவிடுங்கள். திருப்பிக் கொடுக்கும்போது "இந்தக் கீறல் முன்னாடி இல்லையே" என்ற பேச்சு வந்தால் அதுதான் காப்பாற்றும்.

எந்த கேமரா என்ற சண்டையில் ஒன்று மட்டும் சொல்கிறேன். நெட்ஃபிளிக்ஸ் போன்ற தளங்களுக்கு அங்கீகரிக்கப்பட்ட கேமராப் பட்டியல் உண்டு. நெட்ஃபிளிக்ஸ் பட்டியலில் எஃப்எக்ஸ்3-யும் எஃப்எக்ஸ்6-ம் இருக்கின்றன. கிட்டத்தட்ட அதே படத்தைத் தரும் ஏ7எஸ்3 இல்லை. படம் எங்கே போகப்போகிறது என்று தயாரிப்பாளரிடம் கேட்டுவிட்டு கேமராவை முடிவு செய்யுங்கள்.

சொந்தமாக வாங்க வேண்டியது என்றால், நல்ல காலர் மைக், நல்ல ஹெட்போன், உறுதியான ட்ரைபாட். கேமரா மாடல் மாறிக்கொண்டே இருக்கும். இவை பத்து வருடம் வரும்.

சொந்தப் பொருள் வந்தவுடன் இன்ஷூரன்ஸ். பாலிசியில் ஒவ்வொரு பொருளின் சீரியல் நம்பரும் இருக்க வேண்டும். ஆளில்லாத வண்டியிலிருந்து திருடு போனால் பணம் கிடையாது என்ற விதி பல பாலிசிகளில் உண்டு. நம் தொழிலில் திருட்டு பெரும்பாலும் அங்கேதான் நடக்கிறது, ஹோட்டல் வாசலில் நிறுத்திய காரில். அந்த வரியைத் தேடிப் படித்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள்.

4. சம்பளம் பேசுவது

ஆள் சம்பளத்தையும் கருவி வாடகையையும் எப்போதும் தனித்தனியாகச் சொல்லுங்கள். சேர்த்து ஒரே தொகையாகச் சொன்னால், "நீங்க கேமரா கொண்டுவர வேண்டாம், எங்ககிட்ட இருக்கு" என்று பிறகு பாதியாகக் குறைத்துவிடுவார்கள். இன்னொரு லாபமும் இருக்கிறது. தொழில்முறைச் சம்பளத்துக்கு டி.டி.எஸ். (பணம் தருபவரே நம் பெயரில் பிடித்துக் கட்டும் வருமான வரி) 10 சதவீதம், கருவி வாடகைக்கு 2 சதவீதம். இன்வாய்ஸில் இரண்டையும் தனித்தனியாக எழுதினால் கையில் வரும் பணம் கூடும்.

ஒரு நாள் என்றால் எத்தனை மணி நேரம், பயண நாளுக்கு எவ்வளவு, கடைசி நேரத்தில் ரத்தானால் எவ்வளவு: இந்த மூன்றையும் எழுத்தில் வாங்குங்கள். மின்னஞ்சல் போதும். வாட்ஸ்அப்பில் பேசியிருந்தாலும், பேசியதைத் தொகுத்து ஒரு மெயில் போட்டு "சரி" என்ற பதிலை வாங்கிவிடுங்கள். உதாரணத்துக்கு ஒரு நாள் சம்பளம் 10,000 என்று வைத்துக்கொள்வோம். ஆறு நாள் படப்பிடிப்பு, இரண்டு நாள் பயணம் அரைச் சம்பளத்தில்: மொத்தம் 70,000. டி.டி.எஸ். 7,000 போக 63,000 கைக்கு வரும். பாதியை முன்பணமாகக் கேளுங்கள். முன்பணம் தர யோசிக்கிறவர் கடைசிப் பணத்தையும் யோசித்துத்தான் தருவார்.

ஒப்பந்தத்தில் இன்னொரு வாசகமும் வேண்டும். பதிப்புரிமைச் சட்டம் 1957-ன்படி படத்துக்கு உரிமையாளர் தயாரிப்பாளர்தான். எடுத்த ஷாட் நம்முடையது என்று நாம் நினைத்துக்கொண்டிருப்போம், சட்டம் அப்படி நினைப்பதில்லை. அதனால் "படம் வெளியான பிறகு ஒளிப்பதிவாளர் தன் ஷோரீலில் காட்சிகளைப் பயன்படுத்தலாம்" என்று ஒரு வரி சேர்க்கச் சொல்லுங்கள். (ஷோரீல் என்பது வேலை கேட்கும்போது காட்டும் நம் காட்சிகளின் தொகுப்பு.) யாரும் மறுப்பதில்லை, கேட்கத்தான் வேண்டும். கேட்காவிட்டால் இரண்டு வருடம் உழைத்த பிறகும் காட்டுவதற்கு ஒரு நிமிடம்கூட இருக்காது.

5. அனுமதிகள்

தமிழ்நாட்டு அரசு அலுவலகத்துக்கு மனு என்றால் தமிழில் ஒரே பக்கம். மேலே பெறுநர், "பொருள்", "பார்வை" எல்லாம் அவர்கள் வழக்கப்படியே. உள்ளே: படத்தின் பெயர், யாருக்காக எடுக்கப்படுகிறது, எந்த இடம், எந்தத் தேதியிலிருந்து எந்தத் தேதி வரை, எத்தனை பேர், வண்டி எண், கருவிகளின் பட்டியல். இணைப்பாகத் தயாரிப்பு நிறுவனத்தின் லெட்டர்ஹெட்டில் ஒரு கடிதம், ஒரு பக்கக் கதைச்சுருக்கம், எல்லோருடைய ஆதார் நகல். மனுவை அதிகாரியின் மேஜையில் வைத்துவிட்டு வந்துவிடாதீர்கள். தபால் பிரிவில் கொடுத்து, உங்கள் நகலில் சீல் வாங்குங்கள். சில நாள் கழித்துப் போய் எந்த செக்‌ஷன், எந்த கிளார்க், ந.க. எண் (உங்கள் பைலின் எண்) என்ன என்று கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள். அந்த எண் இல்லாமல் போன் செய்தால் "எந்த பைல்னு தெரியலையே" என்பார்கள், எண் இருந்தால் இரண்டு நிமிடத்தில் எடுத்துப் பார்த்துச் சொல்வார்கள். மெயிலில் அனுப்பிவிட்டுக் காத்திருப்பவர்கள் காத்துக்கொண்டேதான் இருப்பார்கள்.

இனி இடம் வாரியாக.

காடு: சரணாலயம், தேசியப் பூங்கா, புலிகள் காப்பகம் எதுவானாலும் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டம் 1972-ன் 28-வது பிரிவின் கீழ் தலைமை வன உயிரினக் காப்பாளரின் அனுமதி வேண்டும். அலுவலகம் சென்னை கிண்டியில். மாவட்ட வன அலுவலர் நல்ல மனிதராக இருந்து "வாங்க, எடுங்க" என்று வாய்மொழியாகச் சொன்னாலும் எடுக்காதீர்கள். அவர் மாற்றலாகிப் போனால் நீங்கள் அத்துமீறி நுழைந்தவர் ஆகிவிடுவீர்கள். குறைந்தது ஒன்றரை மாதம் முன்னால் மனு கொடுங்கள். கட்டணமும், கூடவே வரும் வனக் காவலருக்கான செலவும் உண்டு. கோடையில் காட்டுத்தீ காலத்தில் அனுமதி கையில் இருந்தாலும் உள்ளே விடாமல் போகலாம், தேதியைத் தள்ளிப்போட இடம் வைத்துத் திட்டமிடுங்கள்.

கோவில்: இந்து சமய அறநிலையத் துறையின் கீழ் உள்ள கோவில் என்றால் செயல் அலுவலர் வழியாக மேலே போக வேண்டும். 2022 டிசம்பரில் கோவில்களுக்குள் மொபைலுக்கே தடை விதிக்க உயர் நீதிமன்றம் உத்தரவிட்ட பிறகு, வாய்மொழி அனுமதிக்கெல்லாம் மதிப்பே இல்லை. தஞ்சைப் பெரிய கோவில், கங்கைகொண்ட சோழபுரம், மாமல்லபுரம் போன்றவை இந்தியத் தொல்லியல் துறையின் பாதுகாப்பில் இருப்பவை. கையில் பிடித்து எடுப்பதற்கும் ட்ரைபாட் விரிப்பதற்கும் அங்கே பெரிய வித்தியாசம். ட்ரைபாடை வைத்த உடனேயே காவலர் வந்துவிடுவார். தொழில்முறைப் படப்பிடிப்புக்கு நாள் கணக்கில் கட்டணமும் வைப்புத் தொகையும் உண்டு; சிறிய பட்ஜெட்டுக்கு அது கனம்தான். வழிபாடு நடக்கும் பாதுகாக்கப்பட்ட கோவில் என்றால் இரண்டு இடத்திலும் அனுமதி வாங்க வேண்டியிருக்கும். ஒரு கடிதத்தைக் காட்டி மற்றவரைச் சமாளிக்க முடியாது.

கடல்: ராமேஸ்வரம் பக்கம் விசைப்படகில் ஏறுவதாக இருந்தால் மீன்வளத் துறை டோக்கன் (கடலுக்குப் போகும் படகுக்குத் தரும் அனுமதிச் சீட்டு) முறையைத் தெரிந்துகொள்ளுங்கள். மீனவர் அல்லாதவர் படகில் இருந்தால் படகுக்காரருக்குத்தான் சிக்கல். படகு உரிமையாளர் சம்மதம், மீன்வளத் துறை அனுமதி, கடலோரக் காவல் குழுமத்துக்குத் தகவல், மூன்றும் வேண்டும். கிழக்குக் கடற்கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலம். மீன்பிடிப் படம் எடுக்க மே மாதம் போய் இறங்கினால் கரையில் வலை பின்னுவதைத்தான் எடுக்கலாம். (அதுவும் நல்ல காட்சிதான், தயாரிப்பாளர் ஒத்துக்கொண்டால்.)

ரயில்: ரயில்வேயின் மக்கள் தொடர்பு அலுவலகம் வழியாக. பிளாட்ஃபார்ம் டிக்கெட் வைத்துக்கொண்டு எடுக்க முயலாதீர்கள், ரயில்வே பாதுகாப்புப் படை (ஆர்.பி.எஃப்.) கேமராவை வாங்கி வைத்துவிடும்.

சிறை, நீதிமன்ற வளாகம், துறைமுகம், அரசு மருத்துவமனை ஆகிய நான்கிலும் எழுத்து அனுமதி இல்லாமல் கேமராப் பையைத் திறக்கவே வேண்டாம்.

ட்ரோன்: ட்ரோன் விதிகள் 2021-ன்படி 250 கிராம் வரை நானோ வகை, அதற்கு விமானி சான்றிதழ் தேவையில்லை. அதற்கு மேல் 2 கிலோ வரை மைக்ரோ. பொழுதுபோக்குக்குப் பறக்கவிட்டால் சான்றிதழ் வேண்டாம், சம்பளத்துக்கு என்றால் வேண்டும். பத்தாம் வகுப்பு முடித்து 18 வயது ஆகியிருந்தால், அங்கீகாரம் பெற்ற பள்ளியில் சில நாள் பயிற்சி எடுத்துச் சான்றிதழ் வாங்கலாம். பத்து வருடம் செல்லும். பறக்கும் முன் அரசின் ட்ரோன் தளமான டிஜிட்டல் ஸ்கையின் வரைபடத்தில் பச்சை, மஞ்சள், சிவப்பு பாருங்கள். பச்சையில் 400 அடி வரை தடையில்லை என்றாலும், உள்ளூர் காவல் நிலையத்தில் எழுதிக் கொடுத்துவிட்டுப் பறப்பதே நல்லது. என்னைக் கேட்டால், ஆரம்பத்தில் சான்றிதழ் உள்ள பைலட் ஒருவரை நாள் கூலிக்கு அழைத்துக்கொள்ளுங்கள். எப்படியும் எடிட்டில் அந்த ஷாட் பத்து நொடிதான் நிற்கும்.

தேர்தல்: நடத்தை விதிகள் அமலுக்கு வந்துவிட்டால் அதிகாரிகள் எதிலும் கையெழுத்துப் போட மாட்டார்கள். வழியில் பறக்கும் படை வண்டியை நிறுத்தும். 50,000 ரூபாய்க்கு மேல் ரொக்கம் இருந்து ஆவணம் இல்லையென்றால் பறிமுதல்தான். படப்பிடிப்புச் செலவுக்குப் பணம் எடுத்துப்போனால் வங்கியில் எடுத்த சீட்டும் தயாரிப்பாளர் கடிதமும் கூடவே இருக்கட்டும்.

வெளிநாட்டுக் குழு உங்களைக் கூப்பிட்டால் முதல் கேள்வி: "என்ன விசாவில் வருகிறீர்கள்?" ஆவணப்படம் எடுக்க வருபவர்கள் பத்திரிகையாளர் விசாவில் வர வேண்டும், படப்பிடிப்புக்கும் தனி அனுமதி வேண்டும். சுற்றுலா விசாவில் வந்து "சின்ன கேமராதான், யாருக்கும் தெரியாது" என்பார்கள். மாட்டினால் அவர்கள் விமானம் ஏறிவிடுவார்கள், காவல் நிலையத்தில் பதில் சொல்ல நீங்கள்தான் இருப்பீர்கள். சாட்டிலைட் போன், சாட்டிலைட் வழியாகக் குறுஞ்செய்தி அனுப்பும் மலையேற்றக் கருவி இரண்டையும் கொண்டுவர வேண்டாம் என்றும் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். அவர்கள் ஊரில் கடையில் கிடைக்கும் பொருள், இங்கே அனுமதி இல்லாமல் வைத்திருந்தால் கைது வரை போகும்.

6. படப்பிடிப்பு நாள்

இதைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், விளக்குகள் நொடிக்கு 100 முறை துடிக்கின்றன. 25 ஃப்ரேம், ஷட்டர் 1/50 வைத்தால் டியூப்லைட்டில் பட்டை ஓடாது. அமெரிக்க வாடிக்கையாளர் 24 கேட்டாலும் ஷட்டரை 1/50-லேயே வையுங்கள். ஸ்லோ மோஷனுக்கு 60-க்குப் பதில் 50 அல்லது 100 எடுக்கலாமா என்று கேளுங்கள். மலிவான எல்.இ.டி. பல்பு எதற்கும் கட்டுப்படாது, கழற்றிவிட்டு ஜன்னலைத் திறப்பதுதான் வழி.

பேட்டி எடுக்கும் வீட்டில் ஃபேனை நிறுத்தினால் வேர்க்கும், நிறுத்தாவிட்டால் ஒலி போச்சு. நிறுத்தத்தான் வேண்டும், ஒரு கேள்விக்கும் அடுத்த கேள்விக்கும் நடுவில் ஃபேனைப் போட்டுக்கொள்ளலாம். ஃபிரிட்ஜையும் அணைக்க வேண்டும். அணைத்த கையோடு உங்கள் வண்டிச் சாவியை அதற்குள் வைத்துவிடுங்கள். கிளம்பும்போது சாவி தேடி ஃபிரிட்ஜைத் திறப்பீர்கள், திரும்பப் போட்டுவிடுவீர்கள். இல்லையென்றால் அந்த வீட்டு அக்கா மறுநாள் மாவு புளித்துப்போன கதையைத் தெருவெல்லாம் சொல்வார், இரண்டாவது நாள் படப்பிடிப்புக்கு யாரும் கதவு திறக்க மாட்டார்கள்.

7. ஒப்புதல் கடிதம்

இயக்குநர் வேலை என்று விட்டுவிடாதீர்கள். படப்பிடிப்பில் பல நேரம் நீங்களும் இயக்குநரும் மட்டும்தான். தமிழில் ஒரு பக்கப் படிவம், கையெழுத்து அல்லது கைரேகை. அதோடு கேமரா முன்பாகவே பெயர், ஊர், தேதி சொல்லி "இதைப் படத்தில் பயன்படுத்திக்கொள்ளலாம்" என்று அவர்கள் வாயால் சொல்ல வைத்துப் பதிவு செய்யுங்கள். எழுதப் படிக்கத் தெரியாதவர்களுக்குப் படிவத்தைப் படித்துக் காட்டுவதும் அந்தப் பதிவிலேயே இருக்கட்டும். 18 வயதுக்குக் கீழ் என்றால் பெற்றோர் கையெழுத்து. பாலியல் குற்றத்தில் பாதிக்கப்பட்டவர்கள் என்றால் முகம், குரல், வீடு, தெரு, பள்ளிச் சீருடை எதுவும் அடையாளம் காட்டக் கூடாது. போக்சோவும் பாரதிய நியாய சன்ஹிதாவும் இதைக் குற்றமாக்குகின்றன. எடிட்டில் மங்கலாக்கிக்கொள்ளலாம் என்று எடுக்காமல், எடுக்கும்போதே பின்னாலிருந்து, கைகளை, நிழலை எடுங்கள். மங்கலாக்காத மூலம் எங்காவது ஒரு டிஸ்க்கில் தங்கிவிடும்.

8. டேட்டா

கணக்கு இதுதான். 4கே, 25 ஃப்ரேம், நொடிக்கு 250 மெகாபிட் என்றால் ஒரு மணி நேரத்துக்குச் சுமார் 112 ஜி.பி. ஒரு நாளைக்கு மூன்று மணி நேரம் ஓடினால் 337 ஜி.பி., பத்து நாளில் 3.4 டி.பி. இரண்டு பிரதி என்றால் 4 டி.பி. டிஸ்க் இரண்டு. இதன் விலை தயாரிப்பாளர் செலவு, உங்கள் செலவு அல்ல. சம்பளம் பேசும்போதே சொல்லிவிடுங்கள்.

இரண்டு பிரதியும் சரிபார்க்கப்படும் வரை கார்டை ஃபார்மட் செய்யக் கூடாது. இழுத்துப் போட்டு காப்பி செய்யாமல், செக்சம் பார்த்து, அதாவது பிரதி மூலத்தோடு அப்படியே ஒத்திருக்கிறதா என்று சரிபார்த்து காப்பி செய்யும் மென்பொருளைப் பயன்படுத்துங்கள். ஒரு டிஸ்க் இயக்குநர் பையில், இன்னொன்று உங்கள் பையில். இரண்டும் ஒரே வண்டியில் போகக் கூடாது என்பது லட்சியம், குறைந்தபட்சம் ஒரே பையில் போகக் கூடாது. ஃபுல் ஆன கார்டைத் தலைகீழாகப் பெட்டியில் வைப்பது மாதிரி ஒரு வழக்கத்தை ஏற்படுத்திக்கொண்டு, அசிஸ்டென்டுக்கும் அதையே பழக்குங்கள்.

9. விமானம் ஏறும்போது

கூடுதல் பேட்டரி எதுவும் செக்-இன் பெட்டியில் போகக் கூடாது, கைப்பையில்தான். 100 வாட்-அவருக்குள் இருந்தால் பிரச்சினையில்லை. 100 முதல் 160 வரை விமான நிறுவனத்தின் ஒப்புதலோடு இரண்டு. அதற்கு மேல் கிடையாது. கேமராவின் பின்னால் மாட்டும் பெரிய வி-மவுண்ட் பேட்டரிகளில் 98 என்ற எண் இவ்வளவு அதிகமாகத் தென்படுவதற்குக் காரணம் இதுதான். பேட்டரி மேல் வாட்-அவர் அச்சாகியிருக்க வேண்டும். அழிந்துபோயிருந்தால் பாதுகாப்பு சோதனையில் எடுத்துவைத்துவிடுவார்கள், வாதாடிப் பயனில்லை. வோல்ட்டையும் ஆம்பியர்-அவரையும் பெருக்கினால் வாட்-அவர்: 14.4 வோல்ட், 6.8 ஆம்பியர்-அவர் என்றால் 98. வாங்கும்போதே எழுத்து தேயாத லேபிளாகப் பார்த்து வாங்குங்கள், அதன் மேல் செல்லோடேப் ஒட்டிவிடுங்கள்.

வெளிநாட்டுக்குச் சொந்தக் கேமரா எடுத்துப் போனால், கிளம்பும்போதே விமான நிலைய சுங்கத் துறையிடம் ஏற்றுமதிச் சான்று வாங்குங்கள். பெயர், மாடல், சீரியல் நம்பர் கொண்ட பட்டியல் மூன்று பிரதி, பில் நகல், பாஸ்போர்ட் நகல். செக்-இன்னுக்கு முன் செய்ய வேண்டிய வேலை இது, அதிகாரி பொருளைப் பார்த்துத்தான் கையெழுத்துப் போடுவார். வழக்கத்தைவிட ஒரு மணி நேரமாவது முன்னால் போங்கள். இந்தச் சான்று இல்லாமல் திரும்பினால், உங்கள் சொந்தக் கேமராவுக்கே இறக்குமதி வரி கட்டச் சொல்ல வாய்ப்பு இருக்கிறது. போகிற நாட்டின் சுங்கத்துக்கு, தற்காலிகமாகக் கொண்டுபோகும் பொருளுக்கு அங்கே வரி கட்டாமல் இருக்க, ஏ.டி.ஏ. கார்னே என்ற ஆவணம். இந்தியாவில் அதை ஃபிக்கி என்ற வணிகக் கூட்டமைப்பு வழங்குகிறது. ஒரு வருடம் செல்லும், பிணைத் தொகை வேண்டும். பெரிய யூனிட்டுக்கு அது தேவை. ஒரு பாடி, இரண்டு லென்ஸோடு போகிறவர்கள் அந்த நாட்டின் விதியை முதலில் பார்க்கட்டும்.

10. பணம் வாங்குவது, வரி கட்டுவது

வேலை முடிந்த அன்றே இன்வாய்ஸ் அனுப்புங்கள். இன்வாய்ஸ் எண், பான், வங்கி விவரம், உத்யம் எண், "45 நாளுக்குள்" என்ற வரி, எல்லாம் அதில் இருக்கட்டும். சிறு தொழில் சட்டம் 2006-ன்படி, உத்யம் பதிவு உள்ளவருக்கு அதிகபட்சம் 45 நாளுக்குள் பணம் தந்தாக வேண்டும். எழுத்து ஒப்பந்தமே இல்லையென்றால் 15 நாள். தாண்டினால் ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதத்தைப் போல மூன்று மடங்கு கூட்டு வட்டி. இதற்கெனப் புகார் கொடுக்க அரசுத் தளம் இருக்கிறது.

ஒரு தயாரிப்பு நிறுவனம் மாதக்கணக்கில் என்னை "அடுத்த வாரம்" என்று சொல்லி அலைக்கழித்தது. போனில் கெஞ்சியதில் ஒன்றும் நடக்கவில்லை. கணக்குப் பிரிவுக்குத் தனியாக ஒரு மெயில் போட்டேன். குறித்த காலத்துக்குள் தராத தொகையை அந்த வருடச் செலவாக அவர்கள் வருமான வரிக் கணக்கில் காட்ட முடியாது, உத்யம் எண் இது, என்று மட்டும் எழுதினேன். பணம் வந்தது. இயக்குநரிடம் சண்டை போடாதீர்கள், அவர் கையில் ஒன்றும் இல்லை. ஆடிட்டர் கண்ணில் படும்படி எழுதுங்கள்.

பிடித்த டி.டி.எஸ். உங்கள் பானில் ஏறியிருக்கிறதா என்று வரித் தளத்தில் பாருங்கள். பிடித்துவிட்டுக் கட்டாமல் விடுபவர்களும் உண்டு. ஒளிப்பதிவு, வரிச் சட்டத்தில் குறிப்பிட்ட தொழில்களில் ஒன்று. ஆண்டு வரவு 50 லட்சத்துக்குள் இருந்தால், அல்லது ரொக்க வரவு ஐந்து சதவீதத்தைத் தாண்டாதபோது 75 லட்சத்துக்குள் இருந்தால், வரவில் பாதியை வருமானமாகக் காட்டிவிடலாம். மீதிப் பாதிக்குக் கணக்குப் புத்தகமோ பில்லோ காட்ட வேண்டியதில்லை. இந்த முறையில் போகிறவர்கள், கட்ட வேண்டியது இருந்தால் முன்வரியை மார்ச் 15-க்குள் ஒரே தவணையாகக் கட்டிவிட வேண்டும். 2026 ஏப்ரலிலிருந்து புதிய வருமான வரிச் சட்டம் வந்துவிட்டதால், பழைய கட்டுரைகளில் உள்ள பிரிவு எண்களை நம்ப வேண்டாம். வருடத்துக்கு ஒரு தடவை ஆடிட்டருக்குக் கொடுக்கும் சில ஆயிரம் வீண் போகாது.

வெளிநாட்டிலிருந்து பணம் வந்தால் வங்கியிடம் வரவுச் சான்று கேட்டு வாங்கி வையுங்கள். அமெரிக்க நிறுவனம் டபிள்யூ-8பென் என்ற படிவத்தைக் கேட்கும், நீங்கள் அந்த நாட்டவர் இல்லை என்று சொல்லும் படிவம். பயப்படாமல் நிரப்பிக் கொடுங்கள்.

11. அடுத்த வேலை எங்கிருந்து வரும்

விளம்பரத்திலிருந்து வராது. இயக்குநர்கள் கூடும் இடத்துக்கு நீங்கள் போக வேண்டும். திருவனந்தபுரத்தில் கேரள சலச்சித்ர அகாடமி நடத்தும் ஆவணப்பட, குறும்பட விழா நம்மவர்களுக்கு ஒரு ராத்திரி ரயில் தூரம்தான். டெலிகேட் பாஸ் விலை கையைக் கடிக்காது. மதுரையில் மறுபக்கம் என்ற அமைப்பு நடத்தும் விழா இன்னும் சிறியது, அதனாலேயே இயக்குநரோடு டீக்கடையில் நின்று பேசலாம். மும்பையில் இரண்டு வருடத்துக்கு ஒருமுறை நடக்கும் மும்பை சர்வதேசத் திரைப்பட விழா (எம்.ஐ.எஃப்.எஃப்.) பெரிய சந்தை. காசு குறைவாக இருந்தால் முதலில் மதுரை, அப்புறம் திருவனந்தபுரம், கடைசியாக மும்பை.

ஷோரீல் இரண்டு நிமிடத்தைத் தாண்ட வேண்டாம். பாட்டைப் போட்டு வேகமாக வெட்டித் தள்ளியதை ஆவணப்பட இயக்குநர்கள் பார்ப்பதில்லை. வெட்டாத ஒரு காட்சியைத் தனியாக வையுங்கள், நாற்பது ஐம்பது நொடி. சமையலறையில் யாரோ வேலை செய்துகொண்டே பேசுகிறார்கள், நீங்கள் எப்போது முகத்துக்குப் போகிறீர்கள், எப்போது கைக்கு வருகிறீர்கள் என்று அதில் தெரிய வேண்டும். லிங்க் பாஸ்வேர்டு கேட்காமல் மொபைலில் திறக்கிறதா என்று வேறொருவர் போனில் போட்டுப் பார்த்துவிட்டு அனுப்புங்கள்.